இலங்கையில் ஓவியமும் வரலாறும்

இலங்கையின் வரலாற்றுச் சான்றுகளில் ஏடுகளுக்கும் கல்வெட்டுகளுக்கும் அடுத்து ஓவியங்கள் நிற்கின்றன. எந்த ஓவியமும் தான் காட்டும் நிகழ்வோடு, தான் வரையப்பட்ட காலத்துக்கும் சாட்சி சொல்லும். ஆகவே யார், எப்போது, யாருக்காக வரைந்தார் என்று கேட்டே அதை ஆராய வேண்டும்.

குகைகள்
அம்பாறை மாவட்டத்தின் உட்பகுதிக் குகைகளில் பழங்குடியினரான வேடர் வரைந்த மனித, விலங்கு உருவங்கள் உள்ளன. சாம்பலை எச்சிலில் குழைத்துப் பெண்கள் விரலால் இத்தகைய உருவங்களை வரைந்ததாக, வேடர் பற்றி 1911இல் வெளியான நூலில் மானிடவியலாளரான செலிக்மன் தம்பதியர் பதிவுசெய்தனர்.

சிகிரியாவும் தம்புள்ளையும்
5ஆம் நூற்றாண்டுச் சிகிரியா ஓவியங்களைக் காண வந்தவர்கள் அருகிலுள்ள கண்ணாடிச் சுவரில் கவிதைகளைக் கீறிச் சென்றனர். தொல்லியலாளர் பரணவிதான 1956இல் வெளியிட்ட 685 பாடல்கள், பார்வையாளரின் இரசனைக்கும் அக்காலச் சிங்கள மொழிக்கும் ஆதாரமாயின. தம்புள்ளைக் குகையில் மன்னர்களான துட்டகைமுனுவும் எல்லாளனும் யானை மேலிருந்து பொருதும் காட்சி, போருக்கு ஏறத்தாழ 1,900 ஆண்டுகளுக்குப் பின், நாயக்க வம்சத்துக் கண்டி மன்னன் கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கன் (1747–1782) காலப் புதுப்பிப்பைச் சேர்ந்தது. எல்லாளன் காலத்தைவிட, 18ஆம் நூற்றாண்டுக் கண்டி தன் பழமையை எப்படி நினைத்தது என்பதையே இது தெளிவாகக் காட்டுகிறது.

கிழக்குக் கரை
1602இல் மட்டக்களப்புக் கரையில் இறங்கிய ஒல்லாந்தத் தளபதி ஸ்பில்பேர்கன், கண்டியில் அரசர் விமலதர்மசூரியனைச் சந்தித்தார். இருவரும் கைகோத்து நிற்கும் செப்புத்தகட்டுப் படம் 1605இல் அச்சான அவரது பயண நூலில் உள்ளது. ஐரோப்பிய வாசகருக்காகச் செதுக்கிய அப்படத்தில் அரசரும் தளபதியுமே நாயகர்கள். கரையோர மக்களுக்கு அதில் இடமில்லை.

அதே கரையில், 1961இல் மட்டக்களப்பிலிருந்து பிரிந்த அம்பாறை மாவட்டத்தின் கல்முனை முதலிய முஸ்லிம் ஊர்களில், பள்ளிவாசல்களில் உயிருருவங்களை வரைவதில்லை. அரபு எழுத்தணியும் பூக்கொடி வேலைப்பாடுமே அலங்காரம். ஆகவே இவ்வூர்களின் பழமையைச் சுவரோவியத்தில் தேடிப் பயனில்லை. கல்முனைக்குடிக் கடற்கரைப் பள்ளியில் தமிழகத்து நாகூரின் இறைநேசர் சாகுல் ஹமீது நாயகம் நினைவாக ஆண்டுதோறும் நடக்கும் கொடியேற்றத்தில், தென்னிந்தியக் கரையோடு இவ்வூருக்குள்ள பழைய உறவு கண்முன் நிற்கிறது. மாறாக, மட்டக்களப்பு மாவட்டத்துக் காத்தான்குடியில் 2015இல் திறக்கப்பட்ட மரபுரிமை அருங்காட்சியகம், முஸ்லிம்களின் வாழ்க்கையை ஆளுயர உருவங்களால் காட்டியது. கிழக்கு முஸ்லிம்களின் வரலாற்றை எழுதுவோர் படங்களோடு கொடி, கந்தூரி என்னும் நினைவு விருந்து, எழுத்தணி ஆகியவற்றையும் ஆவணமாகக் கொள்ள வேண்டும்.