மடகாஸ்கர் தறியில் செம்புக் கம்பி: மதாம் ஸோவின் நெசவு

‘மதாம் ஸோ’ என்று அறியப்பட்ட ஸோவாரினிவோ ரஸாகாராட்ரிமோ, 1956இல் மடகாஸ்கரின் தலைநகரான அந்தனநரிவோவில் பிறந்து 2020இல் மறைந்தவர்; பருத்தியோடும் பட்டோடும் நில்லாமல் செம்புக் கம்பி, செய்தித்தாள், காந்த ஒலிநாடா, மரச்சீவல், மூலிகை, உணவுப்பொருள் எனக் கைக்குக் கிட்டியவற்றையெல்லாம் தறியில் ஏற்றியவர். மரபை உடைத்த நவீனக் கலைஞர் என்று அவரைக் குறிப்பிடுவது வழக்கம். அத்தீவின் நெசவு வரலாற்றுக்குள் வைத்துப் பார்க்கும்போது அந்த மதிப்பீடு பொருந்தவில்லை. சுற்றிலும் விளைவதைக் கொண்டே துணி செய்துவந்த நெடிய வழக்கத்தின் அண்மைக்கால வாரிசாகவே அவர் தென்படுகிறார்.

மடகாஸ்கரில் பேசப்படும் மலகாசி மொழி போர்னியோத் தீவின் மொழிகளோடு நெருங்கிய உறவுடையது. கடல் கடந்து வந்து குடியேறிய மலகாசி மக்களின் நெசவு முறைகளிலும் இந்தோனேசியத் தீவுகளின் சாயல் உண்டு. மேற்குக் கடற்கரையின் சகலவா மக்கள், நெய்வதற்கு முன்பே இழைகளை இடையிடையே இறுகக் கட்டிச் சாயத்தில் தோய்த்து உருவங்களை வரவழைக்கும் முறையில் ராஃபியாத் துணி நெய்துவந்தது இதற்கு நல்ல சான்றாகும். ராஃபியா என்பது ஒருவகைப் பனை. அதன் இளம் ஓலையின் மேல்தோலை உரித்து, மெல்லிய கீற்றுகளாகக் கிழித்து, முனையோடு முனை முடிந்து இழையாக்குவார்கள். வேறு பகுதிகளில் வாழைநாரும் மரப்பட்டை நாரும் தறியேறின. நெசவு பெரும்பாலும் பெண்களின் தொழிலாகவே இருந்தது.

நடுமேட்டு நிலத்தின் தனிச்சிறப்பு ‘லாண்டிபே’ எனப்படும் காட்டுப்பட்டு. தாபியா என்னும் மரத்தின் இலையைத் தின்று வளரும் புழுவின் கூடு அது. முசுக்கொட்டைப் பட்டைப்போல வீட்டில் வளர்க்கப்படாமல் காட்டிலிருந்து பொறுக்கி வரப்படுவது. கூட்டின் மேல் படிந்திருக்கும் சுணைமயிர் விரலில் தைக்கும் என்பதால் எடுப்பவர்கள் எச்சரிக்கையாகவே கையாளுவார்கள். உள்ளிருக்கும் கூட்டுப்புழுவை உணவுக்காக எடுத்துவிட்டு, கூட்டை உட்புறம் வெளியே வருமாறு திருப்பி, சவர்க்கார நீரில் நெடுநேரம் வேகவைத்து, அலசி உலர்த்திய பின்பே அது நூற்கப் பதமாகும். இக்கூட்டிலிருந்து அறுபடாத ஒற்றை இழையை உருவ முடியாது. பஞ்சைப்போலப் பிய்த்து, கையால் முறுக்கியே நூலாக்க வேண்டும். எனவே அந்த நூல் சற்றுத் தடித்தும் ஒழுங்கின்றியும், பளபளப்பு அடங்கிய பழுப்பு நிறத்திலும் அமைகிறது.

இந்நூலின் தலையாய பயன் இறந்தோருக்கு உரியது. மலகாசியர் உடலைச் சுற்றி அணியும் நீள்சதுரத் துணிக்கு ‘லாம்பா’ என்று பெயர். அதில் பிணத்தைச் சுற்றுவதற்கென நெய்யப்படுவது ‘லாம்பாமேனா’. மேட்டு நிலத்தில் ‘ஃபமாதிஹானா’ என்னும் சடங்கில், சில ஆண்டுகளுக்கு ஒருமுறை குடும்பக் கல்லறையைத் திறந்து, முன்னோரின் எச்சங்களை வெளியே எடுத்து, புதுத்துணி சுற்றி, இசையும் விருந்துமாகக் கொண்டாடி மீண்டும் உள்ளே வைப்பார்கள். முன்னோருக்குப் புதுத்துணி உடுத்துவது உயிருள்ளோரின் கடமையாக இருக்கும் சமூகத்தில் நெசவாளியின் பொறுப்பு அங்காடிச் சரக்கு செய்பவரின் பொறுப்பைக் காட்டிலும் கனமானது.

19ஆம் நூற்றாண்டில் நடுமேட்டு நிலத்தை ஆண்ட மெரினா அரசவை மலகாசி நெசவுக்கு வேறொரு முகம் கொடுத்தது. கூடுதல் ஊடை இழைகளைக் கொண்டு நெருக்கமான வடிவங்களைத் தறியிலேயே எழுப்பும் ‘அகோடிஃபஹானா’ என்னும் பட்டாடை உயர்குடியினரின் அடையாளமாயிற்று. அரசி மூன்றாம் ரணவலோனா 1886இல் அமெரிக்க அதிபர் குரோவர் கிளீவ்லாந்துக்கு அனுப்பிய பரிசுகளில் இத்தகைய பட்டாடைகளும் இருந்தன. பத்தாண்டுகளில் பிரான்சு தீவைத் தன் உடைமையாக்கி, 1897இல் அரசியை நாடு கடத்தியது.

இந்தப் பின்புலத்தில் மதாம் ஸோவின் துணிகளை நோக்கலாம். பருத்தி நூல், ஊடையை நெருக்கும் பலகையின் அடிக்கு இசைந்து படியும். செம்புக் கம்பியோ விறைத்து நின்று, மடிந்த இடத்தில் மடிப்பைக் காத்துக்கொள்ளும். வரிவரியாகக் கிழித்த செய்தித்தாள் இழுவையில் அறுபடக்கூடியது. ஒலிநாடா வழுக்கி விலகும். நூலுக்கென அமைந்த தறியில் இவற்றை அணைத்துக்கொண்டு நெய்ய வேண்டுமாயின், பொருள் ஒவ்வொன்றுக்கும் கை தன் அழுத்தத்தை மாற்றிக்கொள்ள வேண்டும். சுணை தைக்கும் கூட்டிலிருந்து நூல் கண்ட பெண்களின் பொறுமையும் இதுவும் ஒரே இனத்தவை. அவர்களுக்குக் காடு தந்ததை இவருக்கு நகரம் தந்தது என்பதே வேறுபாடு. நாடாவில் பதிந்த குரல்களும் தாளில் அச்சான சொற்களும் நெசவுக்குள் கேட்கவோ படிக்கவோ இயலாதவையாகி, நிறமாகவும் தடிமனாகவும் மட்டும் எஞ்சுகின்றன. அவருடைய படைப்பின் உச்சம் இங்குதான் இருக்கிறது.

அந்தனநரிவோவின் ஃபோந்தசியோன் ஆஷ் என்னும் கலை நிறுவனம் 2023இல் அவருடைய படைப்புகளைத் திரட்டிப் பெரிய கண்காட்சியாக வைத்தது. விரைவில் உங்கள் அனைவரையும் நெய்துவிடுவேன் என்று பொருள்படும் தலைப்பு அதற்கு இடப்பட்டது. இப்படைப்புகளைப் பேணுவது எளிதன்று: தாள் மஞ்சளிக்கும், செம்பு பச்சை பூக்கும், மூலிகையையும் உணவையும் பூச்சி அரிக்கும். மலகாசி நெசவில் இந்த இடர் புதிதுமன்று. அரசவைப் பட்டுகள் அயல்நாட்டு அருங்காட்சியகங்களில் பத்திரமாக இருக்க, எண்ணிக்கையில் அவற்றினும் மிகுதியாக நெய்யப்பட்ட லாம்பாமேனாக்கள் கல்லறைகளுக்குள் மட்கிப்போயின. அவற்றை நெய்த பெண்களின் பெயர்களும் வரலாற்றில் இடம்பெறவில்லை.