படித்ததும் மறையும் கவிதை

அச்சிட்ட மலரொன்றில் அச்சேறாத நூல்களைப் பற்றி எழுதுவது முரணாகத் தோன்றலாம். ஆயினும் கணிப்பொறித் திரையில் பிறந்த இலக்கியத்துக்கு இன்று ஒரு வரலாறு உண்டு. கவிதை எழுதுவோர் அதனை அறிதல் நன்று.

ஓரிடத்திலிருந்து பல இடங்களுக்குக் கிளைத்துச் செல்லும் எழுத்துக்கு 'ஹைப்பர்டெக்ஸ்ட்' என்று 1965இல் பெயரிட்டவர் டெட் நெல்சன் என்னும் அமெரிக்கர். தமிழில் மீயுரை என்பர். பெயர் பிறந்து இருபதாண்டுகள் கடந்த பின்னரே அதற்குரிய இலக்கியம் கவனம் பெற்றது. மைக்கேல் ஜாய்ஸ் 1987இல் 'ஆஃப்டர்நூன், எ ஸ்டோரி' என்னும் கதையைக் கணிப்பொறிக்கென்றே இயற்றினார். 1990இல் ஈஸ்ட்கேட் நிறுவனம் அதனை வெளியிட்டது.

காலையில் வழியில் கண்ட விபத்தில் சிக்கியவர்கள், தன்னைப் பிரிந்த மனைவியும் மகனும்தாமோ என்று ஐயுறும் ஒருவனின் கதை அது. ஐந்நூறுக்கு மேற்பட்ட சிறு சிறு பகுதிகளாக அமைந்தது. ஒரு சொல்லைச் சொடுக்கினால் வேறொரு பகுதி விரியும். எச்சொல் வழிவிடும் என்பதற்கு அடையாளமில்லை. சில பகுதிகளோ, வேறு சிலவற்றைப் படித்தவர்க்கன்றித் திறவா. உண்மையை எதிர்கொள்ள அஞ்சிக் கதைமாந்தன் சுற்றி வளைப்பது போலவே வாசகனும் சுற்றி வர நேர்கிறது. உத்தியும் உள்ளமும் பொருந்திய இடம் இது. பின்வந்தோர் பலர் கிளைகளை மட்டுமே பெருக்கினர் என்பது என் கருத்து. குறுந்தொகையை எங்கிருந்தும் விரித்துப் படித்துப் பழகிய நமக்கு வரிசை குலைவது புதிதன்று; ஆசிரியன் கதவுகளைப் பூட்டி வைத்து, இன்னதைப் படித்தபின் இன்னது திறக்கும் என்று விதிப்பதுதான் புதிது. வாசகனுக்கு விடுதலை தந்ததாகப் புகழப்பட்ட வடிவம், ஆசிரியனுக்கும் முன்னில்லாத அதிகாரத்தைத் தந்தது.

அவ்வதிகாரத்தின் எல்லையைத் தொட்டது 1992இல் வெளிவந்த 'அக்ரிப்பா'. நாவலாசிரியர் வில்லியம் கிப்சன், இளமையிலேயே இழந்த தம் தந்தையின் பழைய நிழற்படத் தொகுப்பை முன்வைத்து ஏறத்தாழ முந்நூறு அடிகளில் ஒரு கவிதை இயற்றினார். ஓவியர் டென்னிஸ் ஆஷ்பா, பதிப்பாளர் கெவின் பெகோஸ் ஆகியோர் அதற்கொரு நூலுருவம் சமைத்தனர். நூலினுள் கவிதை அச்சிடப்படவில்லை. ஒரு பிளாப்பி வட்டில் அடங்கிக் கிடந்தது. மெக்கின்டாஷ் கணிப்பொறியில் அவ்வட்டை இட்டால் அடிகள் ஒருமுறை மேல்நோக்கி ஓடும். நிறுத்தவோ திரும்பவோ இயலாது. ஓடி முடிந்ததும் கவிதை மீண்டும் படிக்க இயலாதவாறு தன்னைத்தானே குலைத்துக்கொள்ளும். நினைவு ஒருமுறை வந்து அகல்வது போல என்று கொள்ளலாம்.

நடந்தது வேறு. 1992 டிசம்பர் 9 அன்று நியூயார்க்கில் அக்கவிதை மக்கள் முன் திரையிடப்பட்டது. மறுநாளே அதன் முழுப் பாடமும் தொலைபேசி வழி இயங்கிய மின்பலகை ஒன்றில் எல்லாருக்கும் கிடைத்தது. அவையில் திரையில் ஓடியதை மறைவாகப் படம்பிடித்துச் சிலர் படியெடுத்துவிட்டனர். அழியவென்று எழுதிய கவிதை இவ்வாறு பிழைத்தது.

நிலைக்கவென்று எழுதியவற்றின் கதி அதுவன்று. ஆப்பிள் நிறுவனம் 1987இல் வெளியிட்ட ஹைப்பர்கார்டு என்னும் மென்பொருளில் பல மின்னூல்கள் உருவாயின. 1992இல் வாயேஜர் நிறுவனம் அதிலேதான் தன் விரிவுநூல்களை அமைத்தது. வாசகர் ஓரத்தில் குறிப்பெழுதவும் பக்கத்தின் மூலையை மடித்து வைக்கவும் அவை இடந்தந்தன. ஹைப்பர்கார்டு 2004இல் விற்பனையிலிருந்து விலக்கப்பட்டது. பின்னாளில் அசையும் கவிதைகள் பலவற்றுக்கு இடமளித்த ஃபிளாஷ் 2020 இறுதியில் கைவிடப்பட்டது. ஏடு பழுதுற்றால் படியெடுத்துக் காத்த மரபு நம்முடையது; படியெடுப்பார் இன்றி ஆடிப்பெருக்கில் ஆற்றில் விடப்பட்ட சுவடிகளையும் நாம் அறிவோம். ஆனால் எஞ்சிய சுவடியை எழுத்தறிந்தார் எவரும் பிரித்துப் படிக்கலாம். இந்நூல்களுக்கோ படி மட்டும் போதாது. அவற்றைத் திறக்கும் பொறியும் உயிரோடிருத்தல் வேண்டும்.

இதனை உணர்ந்த டீன் கிரிகர், ஸ்டூவர்ட் மூல்த்ராப் என்னும் இருவர், 2013இல் ஜூடி மல்லாய், ஷெல்லி ஜாக்சன் முதலான ஆசிரியர்களை அழைத்துப் பழைய கணிப்பொறிகளின்முன் அமர்த்தினர். அவர்கள் தம் படைப்புகளைத் தாமே இயக்கி, எந்த வழியில் செல்கிறோம் என்று சொல்லிக்கொண்டே உரக்கப் படித்தனர். பக்கத்தில் நின்ற படக்கருவி அதைப் பதிவு செய்தது.