பாட்டும் அதன் ஊதியமும்

விரும்பிய பாட்டை நொடிப்பொழுதில் கைப்பேசியில் இறக்கிக்கொள்ளும் வாய்ப்பு இன்று மாணவர் பலருக்கும் கிட்டியிருக்கிறது. இதில் எது முறை, எது முறையன்று என்னும் கேள்வி இணையத்தோடு பிறந்தது என்று பலர் எண்ணுகின்றனர். உண்மையில் அதன் வயது நூறாண்டுக்கு மேல்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்க நாட்டு இல்லங்களில் தானே இசைக்கும் பியானோ பெருகிற்று. துளையிட்ட காகிதச் சுருளை அதனுட் பொருத்தினால் போதும். விரல் படாமலே இசை எழும். இசையமைத்தவருக்கு ஒரு காசும் தராமல் அச்சுருள்களைச் செய்து விற்றனர். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. சுருளின் துளைகளை மனிதர் இசைக்குறிப்பாகப் படிக்க இயலாது. ஆதலின் அது இசைநூலின் படி ஆகாது என்று 1908-ஆம் ஆண்டில் தீர்ப்பாயிற்று. உழைத்தவர் வெறுங்கையோடு நின்றார். மறு ஆண்டே புதிய சட்டம் பிறந்தது. இசையமைத்தவர் ஒருவருக்கு இசைவளித்துவிட்டால், படி ஒன்றுக்கு 2 சென்ட் செலுத்தும் எவரும் அதனைச் செய்து விற்கலாம் என்பது அதன் விதி. உரியவருக்கு ஊதியமும், மக்களுக்கு இசையும் ஒருங்கே கிடைக்க வழி பிறந்தது.

தொண்ணூறு ஆண்டுகள் கழித்து அதே வழக்கு வேறு வடிவில் வந்தது. செவி பெரிதும் உணராத ஒலிக்கூறுகளை நீக்கி, பாட்டைச் சிறு கோப்பாகச் சுருக்கும் எம்.பி.3 முறை ஜெர்மனியில் உருவாகியிருந்தது. 1999-ஆம் ஆண்டில் ஷான் ஃபானிங் என்னும் அமெரிக்க இளைஞர், ஒருவர் கணிப்பொறியிலுள்ள பாட்டை மற்றவர் எடுத்துக்கொள்ள உதவும் நாப்ஸ்டரைத் தொடங்கினார். பாட்டு எங்கும் பரவிற்று. பாடியவருக்கோ ஒன்றும் சேரவில்லை. 2001-ஆம் ஆண்டில் நீதிமன்றத் தீர்ப்பையடுத்து அப்பணி நின்றது. ஆயினும் மக்களின் வேட்கை நிற்கவில்லை. அது போன்றவை வேறு பல முளைத்தன.

பாட்டுக் கோப்பில் மற்றோர் இடரும் இருந்தது. 2000-ஆம் ஆண்டு மே மாதம் மின்னஞ்சல் வழியே பரவிய 'ஐ லவ் யூ' என்னும் தீங்கு நிரல், கணிப்பொறியிலிருந்த எம்.பி.3 கோப்புகளை மறைத்துவிட்டு, அவற்றின் பெயரையே தான் பூண்டு கொண்டது. பெயரின் இறுதியில் நின்ற வி.பி.எஸ். என்னும் எழுத்துகளே அதனைக் காட்டிக்கொடுத்தன.

தடையால் தீராத சிக்கலை நேரிய கடையொன்று பெரிதும் தளர்த்திற்று. 2003-ஆம் ஆண்டு ஏப்ரலில் ஆப்பிள் நிறுவனம் பாட்டொன்று 99 சென்ட் என இணையத்தில் விற்கத் தொடங்கியது. முதல் வாரத்திலேயே பத்து லட்சம் பாட்டுகள் விலைபோயின. வாங்கிய பாட்டைப் பிற கருவிகளில் கேட்கவொட்டாமல் தடுத்த பூட்டும் 2009-ஆம் ஆண்டில் அகற்றப்பட்டது.

பொருளில்லா மாணவருக்கும் நேரிய வழிகள் உள. படைத்தவரே எடுத்துக்கொள்ள இசைவு தரும் கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமங்கள் 2002-ஆம் ஆண்டில் வெளிவந்தன. காலமும் ஒரு கொடையாளியே. இந்தியச் சட்டப்படி, ஒலிப்பதிவின் உரிமை அது வெளியான மறு ஆண்டு முதல் 60 ஆண்டுகள் நிற்கும். பாட்டின் சொல்லுக்கும் இசைக்கும் உரிய உரிமையோ, படைத்தவர் மறைந்த மறு ஆண்டு முதல் 60 ஆண்டுகள். இவையெல்லாம் கழிந்த இசை எல்லோர்க்கும் பொது.

ஆகவே, ஒரு பாட்டை இறக்குமுன், "இதனைத் தருபவர் யார்? தரும் உரிமை அவருக்கு உண்டா?" என்று வினவுதல் வேண்டும். பியானோச் சுருளின் நாளில் இசையமைத்தவர் எழுப்பிய கேள்வியும் இதுவே. அன்று அதற்குச் சட்டமன்றம் விடை தந்தது. இன்று ஒவ்வொரு முறையும் விடை தருபவர் கேட்கும் நாமே.