ஆளியும் யாளியும்

தாரமங்கலம் கைலாசநாதர் கோயிலில், கெட்டி முதலியார் மரபினர் எடுப்பித்த மண்டபத்துள் நுழைகிறவர்கள், அங்கே கல்லில் வாய் பிளந்து நிற்கும் ஒரு மிருகத்தின் பற்களுக்கிடையே விரலை விட்டு, உள்ளே உருளும் கல்லுருண்டையை அசைத்துப் பார்த்துவிட்டு, அதை வெளியே எடுக்க இயலாத அதிசயத்தைப் பேசிக்கொண்டே அப்பால் போய்விடுவது வழக்கம். பல்லிடைவெளியைக் காட்டிலும் உருண்டை பெரிதாகையால், அது வெளியிலிருந்து கொணர்ந்து வைத்ததன்று, வாயைக் குடைகையில் அதே கல்லிலிருந்து விடுவிக்கப்பட்டது என்பது சற்று நின்று பார்ப்பவருக்கு விளங்கும். பேரூர்க் கனகசபையிலே தொங்கும் கற்சங்கிலியும் இந்த வித்தையின் இனத்தைச் சேர்ந்ததே. வித்தையைப் புகழ்வார் பலர். அந்த மிருகத்துக்கு யாளி என்னும் பெயர் எங்கிருந்து வந்தது என்று கேட்பார் மிகச் சிலர்.

சங்க நூல்களில் இதன் பெயர் பெரும்பாலும் ஆளி. கபிலர் குறிஞ்சிப்பாட்டில், தலைவன் இரவில் வரும் மலைவழியின் ஏதங்களைத் தோழி செவிலிக்கு எடுத்துரைக்குமிடத்து, அளையில் ஒடுங்கிய புலியை முதலிலும், அதனையடுத்து ஆளியையும், பின்னர்க் கரடியையும் வைத்து, ஆமானையும் களிற்றையும் பாம்பையும் முதலையையும் வரிசையாக அடுக்கிச் செல்கிறார். அளை என்பது குகை. அந்த அடை புலியோடு நின்றுவிடுகிறதா, ஆளியையும் கரடியையும் தழுவிச் செல்கிறதா என்று இலக்கணம் வல்லார் வாதிக்கலாம். மூன்றும் ஒரே மலைவிடரில் அடுத்தடுத்துக் குடியிருப்பதாகக் கொள்வதே அந்த அடியின் ஓசைக்கு இயைகிறது என்பது என் அபிப்பிராயம். இதில் விசேஷம் என்னவென்றால், கண்ணாற் கண்ட புலிக்கும் கரடிக்கும் நடுவே ஆளி எவ்வித வேற்றுமையுமின்றி நிற்கிறது என்பதே. மெய்ப்பிராணி, கற்பனைப் பிராணி என்று பிரித்து வைப்பது நம் காலத்து வழக்கம். தோழிக்கு அந்த வேலை இல்லை, அவளுக்கு எல்லாம் பயமே.

நற்றிணையில் வரும் ஆளியோ, புலியைக் குத்தி வென்ற களிற்றையே இழுத்துக்கொண்டு போகிறது. பொருநராற்றுப்படையில், இளமையிலேயே பகைவரை வென்ற கரிகாலனுக்கு, தாய்ப்பால் மறவாத பருவத்திலேயே தன் முதல் வேட்டையில் யானையை வீழ்த்தும் ஆளிக்குட்டி உவமையாகிறது. அக்குட்டியைப் புலவர் குருளை என்கிறார். தொல்காப்பிய மரபியல் குருளை என்னும் இளமைப் பெயரை நாய், பன்றி, புலி, முயல், நரி ஆகியவற்றுக்கு உரிமையாக்குகிறதேயன்றி ஆளியைச் சொல்லவில்லை. ஆயினும் புலவர் அதைப் புலியின் இனத்தோடு சேர்த்துவிட்டார். இத்தனை இடங்களிலும் அச்சமும் வலிமையுமே பேசப்படுகின்றன; துதிக்கை என்ற பேச்சே இல்லை.

கொங்கு நாட்டாருக்கு நெருக்கமான இடம் புறநானூற்றில் இருக்கிறது. பெருஞ்சித்திரனார் இளவெளிமானிடம் பரிசில் வேண்டிச் சென்றபோது அவன் தகுதி அறியாது சிறிதளவே கொடுக்க, அதைக் கொள்ள மறுத்துத் தம் நெஞ்சை நோக்கிப் பாடுகிறார். அடங்காமல் எழும் உள்ளத்துக்கு அவர் கண்ட உவமை ஆளி. பிறகு அவர் போனது முதிரமலைத் தலைவன் குமணனிடம். அம்மலையை உடுமலைப் பக்கத்து மலைகளோடு பொருத்திக் காட்டும் ஆராய்ச்சியாளர் உண்டு. குமணன் கொடுத்த யானையைக் கொண்டுவந்து, இளவெளிமானுடைய காவல்மரத்திலேயே அம்மரம் வருந்தும்படி கட்டிவிட்டு, இதோ என் பரிசில் என்று சொல்லிப் போனார் புலவர். ஆளிபோன்ற உள்ளத்தார் யானையோடு திரும்பி வந்த பொருத்தத்தை அவர் நினைத்தே செய்தார் என்று நான் சாதிக்க வரவில்லை; நினைத்திராவிட்டாலும் பொருத்தம் பொருத்தமே.

இனிச் சொல்லின் பிறப்பு. வடமொழி வியாலம் என்பதே தமிழில் யாளி ஆயிற்று என்பாருண்டு. அங்ஙனமாயின் வியாபாரம், வியாக்கிரம் என்பவற்றைப்போல வியாளம் என்றே நின்றிருக்க வேண்டும். சொல் முதலில் வரும் வ்ய் என்னும் மெய்க்கூட்டத்தைத் தமிழ் இகரம் பெய்து ஏற்குமேயன்றி, வகரத்தை வெட்டி எறிந்து ஏற்பது வழக்கமன்று. ஆளி, யாளி என்னும் இரட்டை வழக்கோ ஆடு யாடு, ஆமை யாமை, ஆறு யாறு என்பவற்றோடு ஒரே குடும்பம். கொங்கு நாட்டுக் குடியானவர் இன்றும் ஆனை என்கிறார், அவருடைய மலை ஆனைமலை. ஏட்டிலே யானைக்கு யகரம் நிலைத்தது, ஆளிக்குப் பிற்காலத்தில் யாளி என்பதே நிலைத்தது. ஆளி என்பது அளையிலிருந்து பிறந்ததென்று, குகையில் வாழ்வதை ஆதாரமாக்கிக் கூறுவதும் கேட்பதற்கு இனிமையே; ஆனால் ஓசை ஒற்றுமை ஒன்றையே பற்றிக்கொண்டு போனால், பொள்ளாச்சிக்கருகே ஓடும் ஆழியாற்றையும், அதைச் சிலர் ளகரமிட்டு எழுதுகிறார்களாகையால், மிருகத்தின் நதியாக்கிவிட நேரும். அத்தகைய சொல்லாராய்ச்சிக்கு எல்லை கிடையாது.

ஆகவே சொல் நம்முடையது, பின்னர் வியாலத்தோடு கலந்தது என்றே கொள்கிறேன். அந்தக் கலப்பு நடந்த இடம் ஸ்தபதியின் பட்டறை. சிற்ப சாஸ்திரத்து வியாலத்துக்கு முகத்தை மாற்றிக்கொள்ளும் சுதந்தரம் இருந்தமையால், சிங்க முகத்தோடு ஒன்று, யானை முகத்தோடு ஒன்று, மகர முகத்தோடு ஒன்று என்று இனங்கள் பெருகின. மலைக்குகையில் ஒரே இனமாயிருந்த ஆளிக்கு நாயக்கர் காலத்துத் தூண்களில் துதிக்கையும் தந்தமும் முளைத்து, எந்தக் களிற்றைக் கொன்றதோ அதன் அங்கங்களே அதற்கு ஆபரணமாயின. அடித்தளத்தில் ஓடும் யாளி வரியிலும், வீணைத் தண்டின் முனையிலே செதுக்கிய முகத்திலும் காண்பதும் பட்டறையில் பிறந்த உருவங்களையே.

சென்னைப் பல்கலைக்கழகத்துத் தமிழ்ப் பேரகராதி யாளி என்னும் சொல்லுக்கு இந்தக் கலப்பு மிருகத்தைச் சொல்லி, யானை என்றும் ஒரு பொருள் தருகிறது. வடமொழியில் வியாலம் என்பதற்கு மதம் கொண்டு கேடு செய்யும் யானை என்ற பொருளும் உண்டாகையால், அது அவ்வழியே வந்து சேர்ந்திருத்தல் கூடும். கரிகாலனைப் பாடிய புலவர் கேட்டால் நகைப்பார்.