அடிமை நாட்டில் ஸ்பென்சர்: ஒரு தாராளவாதச் சமூகவியலின் எதிர்பாராத வாசகர்கள்

ஹெர்பர்ட் ஸ்பென்சர் (1820–1903) என்றதும் நினைவுக்கு வருவது ‘தக்கன தப்பிப் பிழைக்கும்’ என்ற தொடர்தான். 1864-ல் உயிரியல் நூலொன்றில் அவர் ஆக்கிய தொடர் அது. டார்வின் 1869-ல் தம் நூலின் ஐந்தாம் பதிப்பில் அதை எடுத்துக்கொண்டார். வலியவன் எளியவனை விழுங்குவதற்குத் தத்துவம் எழுதிக்கொடுத்தவர் என்ற பெயர் ஸ்பென்சருக்கு நிலைத்துவிட்டது. ஆனால் 1905 ஜனவரியில் லண்டனில் ‘இந்தியச் சமூகவியலாளர்’ என்ற பொருளுடைய ஆங்கிலப் பெயரில் ஒரு மாத இதழ் தொடங்கியது. நடத்தியவர் கச்சு மாண்டவியில் பிறந்து ஆக்ஸ்ஃபோர்டில் படித்த ஷ்யாம்ஜி கிருஷ்ணவர்மா. பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்த அந்த இதழின் முகப்பிலேயே ஸ்பென்சரின் வாக்கியங்கள் இடம்பெற்றன. பிறர் சுதந்திரத்துக்குக் குந்தகம் இல்லாதவரை எவரும் விரும்பியதைச் செய்யலாம் என்பது ஒன்று; ஆக்கிரமிப்பை எதிர்ப்பது கடமை என்பது மற்றொன்று. இதை ஆள் தெரியாமல் பிடித்த கொடி என்று ஒதுக்குவது சுலபம். ஸ்பென்சரின் நூல்கள் அதற்கு இடம் தரவில்லை. கிருஷ்ணவர்மா எடுத்துக்கொண்டது ஸ்பென்சரின் ஓரத்தை அல்ல, மையத்தை.

டார்பி நகரில், அரசுத் திருச்சபைக்கு அடங்காத கிறித்தவர்களின் சூழலில் வளர்ந்தவர் ஸ்பென்சர். சலுகை பெற்ற எதையும் சந்தேகிப்பது அந்தச் சூழலில் ஊறிய பழக்கம். ரயில்வே பொறியாளராக வேலை பார்த்து, ‘எகானமிஸ்ட்’ இதழில் துணையாசிரியராக இருந்த காலத்தில் எழுதி, 1851 ஆண்டிட்டு வெளியிட்ட முதல் நூலான ‘சோஷியல் ஸ்டாடிக்ஸ்’ முழுவதும் சம சுதந்திரம் என்ற ஒரே விதியிலிருந்து விரிகிறது. பெண்களின் உரிமையும், நிலத்தைத் தனியுடைமையாக வைத்திருக்க யாருக்கும் உரிமையில்லை என்ற வாதமும் (இதைப் பிற்காலத்தில் அவரே கைவிட்டார்) அந்த விதியிலிருந்தே பிறக்கின்றன. குடியேற்ற ஆட்சி பற்றிய அத்தியாயத்தில் இந்தியா வருகிறது. விளைச்சலில் பெரும்பங்கை உழவனிடமிருந்து பிடுங்கும் நிலவரி, உப்பின் மீதான ஏகபோகம், இந்நாட்டுச் சிப்பாய்களைக் கொண்டே இந்நாட்டை அடக்கும் உத்தி என்று கம்பெனி ஆட்சியின் குற்றங்களை அவர் அடுக்குகிறார். 1857 கிளர்ச்சிக்கு இன்னும் ஆறு ஆண்டுகள் இருந்தன.

அந்தக் கோபத்துக்குச் சமூகவியல் வடிவம் கிடைத்தது 1876 முதல் 1896 வரை வெளிவந்த ‘சமூகவியல் கோட்பாடுகள்’ நூலில்தான். சமூகங்களை அவர் இரு வகையாகப் பார்த்தார். போர்ச் சமூகத்தில் கட்டளையும் கட்டாயக் கூட்டுறவும் எல்லாவற்றையும் இயக்குகின்றன. தொழிற்சமூகத்தில் மனிதர்கள் ஒப்பந்தத்தின் பேரில், விருப்பத்தோடு சேர்ந்து உழைக்கிறார்கள். இங்கே ‘தொழில்’ என்பது ஆலைப்புகையைக் குறிப்பதல்ல. ஆலைகள் நிறைந்த நாடும் போர்ச் சமூகமாகத் திரும்பலாம். என் கணிப்பில் ஸ்பென்சரின் மிகக் கூர்மையான பங்களிப்பு இங்கேதான் இருக்கிறது: பிற நாட்டை அடக்குகிற நாடு அதற்காகவே தன் குடிகளையும் படையணிபோல ஒழுங்குபடுத்த நேர்கிறது, வெளியே விதிக்கும் அடிமைத்தனம் வரியாக, கட்டாயமாக, அதிகார வழிபாடாக வீடு திரும்புகிறது. 1880-களின் தொடக்கத்தில் ஆக்கிரமிப்பு எதிர்ப்புச் சங்கம் ஒன்றை அமைக்க உழைத்து உடல்நலம் கெட்டார். ஆப்கன் போரில் பிரிட்டிஷ் படை ஆபத்தில் இருப்பதாகச் செய்தி வந்தபோது, காரணம் நியாயமா என்று கேட்காமல் பிறரைச் சுடக் கூலிக்குப் போனவர்கள் சுடப்பட்டால் தமக்குக் கவலையில்லை என்று ஓர் இராணுவ அதிகாரியின் முகத்துக்கு நேரே சொன்னதை 1902-ல் வெளிவந்த கடைசி நூலில் அவரே பதிவுசெய்திருக்கிறார். போயர் போர் நடந்து முடிந்த ஆண்டு அது.

1903 டிசம்பரில் ஸ்பென்சரின் உடல் கோல்டர்ஸ் கிரீனில் தகனம் செய்யப்பட்டபோது கிருஷ்ணவர்மா அங்கே இருந்தார். ஸ்பென்சர் பெயரில் சொற்பொழிவு நடத்த ஆக்ஸ்ஃபோர்டுக்கு 1,000 பவுன் தருவதாக அறிவித்தார். பிறகு இந்திய மாணவர்களுக்கு ஸ்பென்சர் பெயரிலேயே உதவித்தொகைகள் ஏற்படுத்தினார். அதைப் பெறுபவர் பிரிட்டிஷ் அரசின் கீழ் எந்தப் பதவியும் ஏற்கக்கூடாது என்பது நிபந்தனை. ஆட்சி நிற்பது ஆளப்படுவோரின் ஒத்துழைப்பில் என்றால் அந்த ஒத்துழைப்பை விலைக்கு விற்காதே என்பது அதன் பொருள். சிப்பாய்களைப் பற்றி 1851 நூல் சொன்னது இங்கே குமாஸ்தாவுக்கும் கலெக்டருக்கும் நீள்கிறது. 1905 ஜூலையில் ஹைகேட்டில் இந்தியா ஹவுஸ் என்ற மாணவர் விடுதியைத் திறந்துவைத்தவர் ஹைண்ட்மன். ஸ்பென்சர் வாழ்நாளெல்லாம் சாடிய சோஷலிசத்தின் இங்கிலாந்து முகங்களில் ஒருவர். வ.வே.சு. ஐயர் பின்னர் தங்கிப் பழகிய வீடு இதுதான்.

இந்த வாசிப்புக்கு வலுவான மறுப்பு, ஸ்பென்சர் மனித இனங்களை ஏணிப்படிகளில் நிறுத்தியவர் என்பது. அது உண்மை. 1892-ல் ஜப்பானியர் கனேகோ கென்டாரோவுக்கு எழுதிய கடிதத்தில் அயல்நாட்டாரோடு கலப்புமணத்தை அறவே தடுக்கச் சொன்னார். உயிரியலின் பெயரால் சொன்ன அந்த ஆலோசனையை இன்று யாரும் காப்பாற்ற முடியாது. ஆனால் ஐரோப்பியருக்குக் காலூன்ற இடம் கொடுத்தால் என்ன நேரும் என்பதற்கு இந்தியாவின் வரலாற்றைப் பார் என்று எச்சரித்ததும் அதே கடிதம்தான். ஏணியை நம்பியவர், மேற்படியில் நிற்பவனுக்குக் கீழ்ப்படியில் நிற்பவனை ஆளும் உரிமையை மறுத்தார். இரண்டும் ஒரே ஆளிடம் இருந்தன. ஒன்றைக் காட்டி மற்றதை அழிக்க முடியாது. ஏழை நிவாரணச் சட்டங்களை எதிர்த்தவர் எப்படி ஒடுக்கப்பட்டோரின் துணை ஆவார் என்பது அடுத்த கேள்வி. அரசுக் கட்டாயத்தை எங்கும் வெறுத்த ஒரே விதிதான் அங்கும் செயல்பட்டது. லண்டன் ஏழைக்கு அது கொடுமையாகப் பட்டது. அரசே அந்நியனாக இருந்த நாட்டில் அதே விதி விடுதலை வாதமாக ஒலித்தது.

மேற்கத்தியக் கல்வியுலகில் இந்தப் பக்கம் மறைந்துபோனது. 1937-ல் அமெரிக்கச் சமூகவியலாளர் டால்காட் பார்சன்ஸ், ஸ்பென்சர் செத்துப்போன சிந்தனை என்ற முடிவோடு தம் நூலைத் தொடங்கினார். 1944-ல் வரலாற்றாசிரியர் ஹாஃப்ஸ்டாட்டர் தம் நூலில் அமெரிக்கச் செல்வர்களின் தத்துவவாதியாக அவரை நிறுத்தினார். அமெரிக்காவைப் பற்றிய நூலில் ஹைகேட் விடுதிக்கு வேலை இருந்திருக்காதுதான். உண்மையான குறை ஸ்பென்சரிடமே இருக்கிறது. அடக்குமுறை அடக்குகிறவனை எப்படிக் கெடுக்கிறது என்று அவர் விளக்கிய அளவுக்கு, அடங்கிக் கிடப்பவன் எவ்வழியில் எழுவான் என்று விளக்கவில்லை. எதிர்ப்பைக் கடமை என்றார். அதன் எல்லையைச் சொல்லவில்லை. அந்த வெற்றிடத்தை வாசகர்கள் தங்களுக்கு வேண்டியபடி நிரப்பினார்கள். கிருஷ்ணவர்மா ஒத்துழையாமையில் தொடங்கி வன்முறையை நியாயப்படுத்தும் இடத்துக்கு நகர்ந்தார். 1909-ல் இந்தியா ஹவுஸோடு தொடர்புடைய மதன்லால் திங்ரா, பிரிட்டிஷ் அதிகாரி கர்சன் வைலியைச் சுட்டுக் கொன்றார். பாரிஸுக்குப் போய்விட்ட கிருஷ்ணவர்மா கைக்கு எட்டாததால், இதழை அச்சிட்ட இரண்டு ஆங்கிலேயர்கள் ராஜதுரோக வழக்கில் சிறைக்குப் போனார்கள். 1906-ல் கிருஷ்ணவர்மாவை லண்டனில் சந்தித்திருந்த காந்தி, இந்த லண்டன் கூட்டத்தின் வன்முறை வாதத்துக்குப் பதிலாக அதே 1909-ல் ‘இந்திய சுயராஜ்யம்’ எழுதினார். ஆளப்படுவோரின் ஒத்துழைப்பில்தான் ஆட்சி நிற்கிறது என்ற கருத்து அதிலும் இருக்கிறது. துப்பாக்கி மட்டும் இல்லை.