பிரெஞ்சுப் பதக்கத்தோடு ஊர் திரும்பியவன்: முதல் உலகப் போரும் மூன்று கறுப்பு ஆசிரியைகளின் நாடகங்களும்

1917 ஏப்ரல் 5ஆம் தேதி நியூயார்க் கார்டன் தியேட்டரில் மூன்று சிறு நாடகங்கள் அரங்கேறின. எழுதியவர் ரிட்ஜ்லி டாரன்ஸ் என்ற வெள்ளையர். நடித்தவர்கள் கறுப்பர்கள். வெள்ளைக்காரன் முகத்தில் கரியைப் பூசிக்கிட்டு கறுப்பனைக் கோமாளியாக்கி ஆடிய ஆட்டத்தைப் பல காலம் கைதட்டிப் பார்த்த நாடு அது. அங்கே கறுப்பு நடிகர்கள் துக்கமும் கோபமும் உள்ள மனிதர்களாக மேடையேறினார்கள். மறுநாள் ஏப்ரல் 6. அமெரிக்கா ஜெர்மனி மீது போர் அறிவித்தது. அப்புறம் யார் நாடகத்தைப் பற்றிப் பேசப்போகிறார்கள்? சீக்கிரமே திரை விழுந்துவிட்டது.

அமெரிக்க நாடக வரலாறு எழுதுகிறவர்கள் இந்தக் காலத்துக்கு யூஜின் ஓ நீலைச் சொல்வார்கள். போர் நாடகம் என்றால் 1924இல் பிராட்வேயில் ஓடிய 'வாட் பிரைஸ் குளோரி'யைச் சொல்வார்கள். எனக்குச் சொல்லவேண்டியதாகப் படுவது வேறு. பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்திக்கொண்டிருந்த மூன்று கறுப்புப் பெண்கள், போருக்குக் கொஞ்சம் முன்னும் பின்னுமாக எழுதிய நாடகங்கள்.

முதலாமவர் ஏஞ்சலினா வெல்ட் கிரிம்கே. இவருடைய 'ரேச்சல்' 1916 மார்ச்சில் வாஷிங்டனில் ஒரு ஆசிரியப் பயிற்சிப் பள்ளியில் அரங்கேறியது. ஏற்பாடு என்.ஏ.ஏ.சி.பி. அமைப்பின் நாடகக் குழு. அதற்கு முந்தின வருஷம்தான் 'தி பர்த் ஆஃப் எ நேஷன்' படம் வந்து, கு கிளக்ஸ் கிளானை வீரர்களாகக் காட்டி ஊர் ஊராக ஓடியது. கிரிம்கே காட்டியது ஒரு வீட்டுக்கூடம், தையல் வேலை, குழந்தைகள்மேல் உயிரை வைத்திருக்கும் ஒரு பெண். அப்பாவையும் அண்ணனையும் வெள்ளைக் கும்பல் கொன்றது தெரியவந்து, பள்ளியில் கறுப்புக் குழந்தைகள் படும் பாட்டையும் பார்த்தபின், தான் பிள்ளையே பெறுவதில்லை என்று ரேச்சல் முடிவெடுக்கிறாள். இப்படியொரு முடிவா என்று அப்போதே கறுப்பர்களுக்குள்ளேயே முணுமுணுப்பு இருந்தது.

இரண்டாமவர் ஆலிஸ் டன்பார் நெல்சன். இவருடைய 'மைன் ஐஸ் ஹேவ் சீன்', டுபாய்ஸ் ஆசிரியராக இருந்த 'தி கிரைசிஸ்' இதழில் 1918 ஏப்ரலில் வந்தது. தெற்கே அப்பனைப் பறிகொடுத்து வடக்கே ஓடிவந்த குடும்பம். அண்ணன் தொழிற்சாலையில் முடமாகிப்போனவன். தம்பி கிறிஸுக்குப் பட்டாளத்தில் சேரச் சொல்லி ஆணை வருகிறது. என் அப்பனைக் கொன்ற நாட்டுக்கு நான் ஏன் சண்டை போடணும்? கிறிஸ் கேட்கும் இந்தக் கேள்விக்கு நாடகத்தில் நேர்ப் பதில் கிடையாது. அக்கம்பக்கத்து யூதப் பையனும் ஐரிஷ்காரியும்கூட வந்து பேசுகிறார்கள். கடைசியில் தேசபக்திப் பாட்டின் இசையில் கிறிஸின் கேள்வி கரைந்துபோகிறது. மூன்று மாதம் கழித்து, 1918 ஜூலையில், போர் முடியும்வரை நம் குறைகளை மறந்து வெள்ளையரோடு தோள்சேர்ந்து நிற்போம் என்று டுபாய்ஸே தலையங்கம் எழுதினார். அதற்காகக் கறுப்பர்களிடமே வாங்கிக் கட்டிக்கொண்டார்.

தோள்சேர்ந்து நின்றது எப்படி? ஏறத்தாழ 3,80,000 கறுப்பர்கள் பட்டாளத்தில் சேர்ந்தார்கள். பெரும்பாலோருக்குக் கிடைத்தது மூட்டை தூக்குவதும் ரோடு போடுவதும் பிணம் புதைப்பதும். துப்பாக்கி பிடித்தவர்களில் ஹார்லமின் 369ஆம் படைப்பிரிவை அமெரிக்கத் தளபதிகள் பக்கத்தில் வைத்துக்கொள்ளாமல் பிரெஞ்சுக்காரர்களிடம் தள்ளிவிட்டார்கள். அந்தப் பிரிவு 191 நாள் போர்முனையில் நின்றது. அதில் ஹென்றி ஜான்சன் என்பவர் 1918 மே மாதம் ஒரு ராத்திரி, தோட்டா தீர்ந்தபின் கத்தியை வைத்தே ஜெர்மானியர்களை விரட்டினார். பிரான்ஸ் உடனே பதக்கம் குத்தியது. அவர் செத்தது 1929இல். அவருடைய சொந்த நாட்டின் உயர்ந்த பதக்கம் வந்தது 2015இல்.

இப்போது மூன்றாமவர், மேரி பர்ரில். 'ஆஃப்டர்மாத்' என்ற ஓரங்க நாடகம் 1919 ஏப்ரலில் 'தி லிபரேட்டர்' என்ற இடதுசாரி இதழில் வந்தது. தென் கரோலினாவில் ஒரு குடிசை. பாட்டி மாம் சூ அடுப்பு நெருப்பைப் பார்த்துச் சகுனம் சொல்கிறாள்: கட்டை சரிகிறது, இன்றைக்கு ராத்திரி என்னமோ நடக்கப்போகுது. பேத்தி மில்லி துணி தேய்த்துக்கொண்டிருக்கிறாள். பேரன் ஜான் பிரான்சிலிருந்து பதக்கத்தோடு வருகிறான். இருபது ஜெர்மானியரைத் தனியாளாகச் சமாளித்தவன். ஆறு மாதம் முன்னாலேயே அப்பனை, பருத்தி விலையில் ஒரு வெள்ளைக்காரனோடு வந்த தகராறுக்காக, கும்பல் கொன்றுவிட்டது. இது ஜானுக்குத் தெரியாது. போர்முனையில் இருப்பவன் மனசு உடையக்கூடாது என்று, அப்பா சௌக்கியம் என்றே மில்லி கடிதம் எழுதிவந்திருக்கிறாள்.

இந்த இடத்தில்தான் நான் நின்றுவிடுகிறேன். பொய்க் கடிதம் எழுதிய அந்தக் கை எப்படி நடுங்கியிருக்கும்! அவன் வந்தபின்னும் சொல்ல வாய் வரவில்லை. ஒரு பக்கத்துவீட்டுக்காரி வாய்தவறி உடைத்துவிடுகிறாள். கடவுள் பார்த்துக்கொள்வார் என்கிறாள் பாட்டி. துப்பாக்கி கொடுத்துச் சாக அனுப்பும்போது நல்ல குடிமக்கள், போராடிய உரிமையைக் கேட்டால் ஒன்றுமே இல்லாதவர்கள் என்று கொதிக்கிறான் ஜான். பட்டாளத்துத் துப்பாக்கி ஒன்றைத் தம்பி லோனி கையில் திணித்து, இன்னொன்றோடு வெளியே இறங்குகிறான்.

இது கற்பனைதானே என்பவர்களுக்கு ஒரு பெயர்: ஆந்தனி கிராஃபோர்ட். அதே தென் கரோலினாவில் அப்பெவில் ஊரில் 427 ஏக்கர் வைத்திருந்த கறுப்பு விவசாயி. பருத்திக்கொட்டை விலையில் வெள்ளை வியாபாரியோடு வாக்குவாதம். 1916 அக்டோபரில் கும்பல் அவரைக் கொன்றது. 1919 கோடையில் வாஷிங்டன், சிகாகோ என்று நகரங்களிலும் கறுப்பர்கள்மேல் வெறியாட்டம் நடந்தது. போர் முடிந்து திரும்பிய கறுப்புச் சிப்பாய்களும் கொல்லப்பட்டார்கள். டுபாய்ஸும் அந்த மே மாதம், திரும்பிவந்த சிப்பாய் திரும்பிப் போராடுவான் என்று எழுதும் இடத்துக்கு வந்துவிட்டார். பர்ரில் ஒரு மாதம் முன்னாலேயே அங்கே நின்றார்.

மொழியைப் பற்றியும் சொல்லணும். ரேச்சல் குடும்பம் படித்தவர்களின் ஆங்கிலம் பேசுகிறது. நாமும் உங்களைப் போலத்தான் என்று வெள்ளைப் பார்வையாளருக்குக் காட்டும் கட்டாயம் கிரிம்கேவுக்கு இருந்தது. பர்ரில் வாஷிங்டனில் ஆங்கிலம் கற்பித்தவர்தான். ஆனால் அவருடைய ஆட்கள் பருத்திக்காட்டுப் பேச்சிலேயே பேசுகிறார்கள், கோபப்படுகிறார்கள். வழக்குமொழியைச் சிரிக்க மட்டுமே வைத்திருந்த மேடை மரபுக்கு இது நல்ல அடி.

டுபாய்ஸ் தொடங்கிய கிரிக்வா நாடகக் குழு, 1928இல் நியூயார்க்கில் ஒரு போட்டியில் 'ஆஃப்டர்மாத்'தை மேடையேற்றியது. ஜான் வெளியே இறங்குவதோடு விடாமல் முடிவை மாற்றினார்கள். பர்ரில் அதை ஏற்கவில்லை, கண்டித்தார். கும்பல் கொலைக்கு எதிராக 1918இல் கொண்டுவரப்பட்ட டையர் மசோதா, 1922இல் பிரதிநிதிகள் சபையில் நிறைவேறி, தென்மாநில உறுப்பினர்கள் இழுத்தடித்ததால் செனட்டில் செத்தது. அப்படியொரு கூட்டாட்சிச் சட்டம் கடைசியாகக் கையெழுத்தானது 2022 மார்ச்சில். ஜான் வெளியே இறங்கி 103 வருஷம் கழித்து.