3-ம் 23-ம்: தென்காசிக் குடும்பத்தின் இரண்டு ஏற்றங்கள்

ராமநாதன் கிருஷ்ணன் உலக அளவில் 3-ம் இடம் வரை போனவர். மகன் ரமேஷ் கிருஷ்ணன் 23-க்கு மேல் ஏறவில்லை. அப்பா விம்பிள்டனில் இரண்டு முறை அரையிறுதி ஆடினார். மகன் ஒரே ஒரு காலிறுதி. எங்கள் திருநெல்வேலிப் பக்கம் டென்னிஸ் பேச்சு வந்தால் இந்த இரண்டு எண்களையும் சொல்லி, 'என்ன இருந்தாலும் அப்பா அளவுக்கு வரலையே' என்று பேச்சை முடித்துவிடுவார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த 3-ஐ அளந்த கோல் வேறு, 23-ஐ அளந்த கோல் வேறு.

கிருஷ்ணன் பிறந்தது 1937 ஏப்ரல் 11, நாகர்கோவிலில். தந்தை டி.கே.ராமநாதனுக்குச் சொந்த ஊர் தென்காசி. சிற்றாறு ஓடிப்போய்த் தாமிரபரணியில் கலக்கிற சீமை அது; 2019-ல் தனி மாவட்டமாகும்வரை திருநெல்வேலியோடுதான் இருந்தது. இந்தப் பக்கத்தில் விளையாட்டு என்றால் கோவில்பட்டி ஹாக்கிதான் முதலில் நினைவுக்கு வரும். டென்னிஸ் அந்தக் காலத்தில் அதிகாரிகளும் வக்கீல்களும் சாயங்காலம் கூடும் கிளப் மதிலுக்குள் அடங்கிய ஆட்டம். ராமநாதனோ அகில இந்திய அளவில் பேர் வாங்கிய ஆட்டக்காரர். மகனுக்கு மட்டை பிடிக்கக் கற்றுக்கொடுத்தவர் அவரே. பேரன் ரமேஷும் தாத்தா, அப்பா இருவர் கையிலும் பயின்றவர். இருவரும் ஒரே வீட்டுப் பாடத்தைப் படித்தார்கள் என்பது இந்த ஒப்பீட்டுக்கு நல்வாய்ப்பு. ஆட்டம் கிட்டத்தட்ட ஒன்றாக இருப்பதால், காலம் என்ன செய்தது என்று தனியாகப் பிரித்துப் பார்க்க முடிகிறது.

தொடக்கத்தில் இரண்டு கோடுகளும் ஒன்றின்மேல் ஒன்று படிந்தே போகின்றன. 1951-ல், கல்லூரி மாணவர்களுக்கான பெர்ட்ரம் போட்டியில், லயோலா கல்லூரி முதல்வரிடம் தனி அனுமதி வாங்கிக்கொண்டு இறங்கிய பள்ளிக்கூடப் பையன் கிருஷ்ணன், கோப்பையோடு வெளியே வந்தார். 1954-ல் விம்பிள்டன் சிறுவர் இறுதியில் ஆஸ்திரேலியாவின் ஆஷ்லி கூப்பரை வென்றார். அந்தப் பட்டத்தைப் பெற்ற முதல் ஆசியர் அவர். சரியாக 25 ஆண்டு கழித்து, 1979-ல், அதே பட்டம் ரமேஷுக்கு. அதே ஆண்டு பிரெஞ்சு ஓபன் சிறுவர் பட்டத்தையும் சேர்த்து வாங்கினார். பதினெட்டு வயதில் மகன் நின்ற இடம் அப்பா நின்ற இடத்துக்கு ஒரு படி மேலே என்றுகூடச் சொல்லலாம்.

அதற்கப்புறம்தான் கோடுகள் பிரிகின்றன. கிருஷ்ணனுடைய ஏற்றம் செங்குத்தானது. 1959-ல் லண்டன் குவீன்ஸ் கிளப் பட்டம். அதே ஆண்டு டேவிஸ் கோப்பையில், அந்த வருட விம்பிள்டன் இறுதியில் ஆடியிருந்த ராட் லேவரை நாலு செட்டில் தோற்கடித்தார். 1960-ல் விம்பிள்டன் அரையிறுதி. நீல் ஃப்ரேசரிடம் தோல்வி. 1961-ல் காலிறுதியில் ராய் எமர்சனை 6-1, 6-4, 6-4 என்று நேர் செட்களில் வென்றார். அரையிறுதியில் லேவர் தடுத்துவிட்டார். 1962-ல் போட்டியின் 4-வது நிலை வீரராக வரிசைப்படுத்தப்பட்டவர், கணுக்கால் காயத்தால் நடுவிலேயே விலக நேர்ந்தது. அந்த ஒரு காயத்தை நினைத்தால் இன்றைக்கும் மனம் ஆறவில்லை.

இங்கேதான் நிதானமாகப் பார்க்க வேண்டும். அன்றைய விம்பிள்டன் அமெச்சூர்களுக்கு மட்டுமே. பணத்துக்காக ஆட ஒப்பந்தம் போட்டவர் எவரும் உள்ளே வரமுடியாது. பாஞ்சோ கொன்சாலஸ், லூ ஹோட், கென் ரோஸ்வால் போன்றவர்கள் ஜேக் கிரேமர் நடத்திய தொழில்முறைக் குழுவில் ஊர் ஊராக ஆடிக்கொண்டிருந்தார்கள். அதாவது, அன்றைய உலகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர்களில் பலர் கிருஷ்ணனுக்கு எதிரே வரவே இல்லை. அந்த 3-ம் இடமும் பத்திரிகை எழுத்தாளர்கள் ஆண்டுக்கொரு முறை தம் கணிப்பில் போட்ட அமெச்சூர் பட்டியல்களில் ஒன்று தந்தது. டெய்லி டெலிகிராஃபின் லான்ஸ் டிங்கே போட்ட பட்டியலில் அவருக்குக் கிடைத்த உயர்ந்த இடம் 6. கிருஷ்ணனைக் குறைத்துச் சொல்வதற்காக இதை எழுதவில்லை. லேவரையும் எமர்சனையும் வென்றவரைக் குறைக்க யாரால் முடியும்? எண்ணை எண்ணாகவே எடுத்துக்கொள்ளக் கூடாது என்பதற்காகத்தான்.

கிரேமர் கிருஷ்ணனையும் கூப்பிட்டார். ஒன்றரை லட்சம் டாலர் என்று சொல்லப்படும் ஒப்பந்தம் அது. ஒத்துக்கொண்டால் விம்பிள்டனும் டேவிஸ் கோப்பையும் அன்றோடு போச்சு. கிருஷ்ணன் மறுத்துவிட்டார். 1960, 1961 அரையிறுதிகள் அந்த மறுப்பினால்தான் நமக்குக் கிடைத்தன. அமெச்சூர் வேலி 1968-ல் விழுந்தபோது அவருக்கு 31 வயது, சிகரம் கடந்துபோயிருந்தது. அந்த ஆண்டு நடந்த முதல் அமெரிக்க ஓபனில் நெதர்லாந்தின் டாம் ஓக்கர் இறுதிவரை வந்து ஆர்தர் ஆஷிடம் ஐந்து செட்டில் தோற்றார். ஆஷ் அமெச்சூராகவே இருந்ததால் 14,000 டாலர் பரிசுப்பணம் தோற்ற ஓக்கர் கைக்குப் போனது! கிருஷ்ணனைவிட ஏழே வயது இளையவர் ஓக்கர். அவரும் நளினமும் வேகமும் கலந்த ஆட்டக்காரர், அவரும் 3-ம் இடம் வரை போனவர். ஆனால் அவர் 1974-ல் பெற்ற அந்த 3, கணினி போட்ட 3. முந்தைய ஆண்டு, 1973-ல்தான் தொழில்முறை ஆட்டக்காரர்களின் சங்கமான ஏ.டி.பி. கணினித் தரவரிசையைத் தொடங்கியிருந்தது. ஏழு வயது வித்தியாசத்தில் ஒரு விளையாட்டின் கணக்குப் புத்தகமே மாறிவிட்டது.

ரமேஷ் வந்தது இந்தப் புதிய உலகத்துக்கு. மெக்கன்ரோ, லெண்டில், விலாண்டர், எட்பர்க், பெக்கர் என்று எல்லோரும் எல்லாப் போட்டியிலும் எதிரே நிற்கிறார்கள். வாரத்துக்கு வாரம் புள்ளி ஏறும், இறங்கும். மரமட்டை போய் கிராஃபைட் வந்துவிட்டது; பந்து வருகிற வேகமே வேறு. அப்பா காலத்தில் பெரிய நான்கு போட்டிகளில் மூன்று புல்தரையில் நடந்தன. புல்லில் பந்து தாழ்ந்து வழுக்கி வரும். கையை அதிகம் பின்னுக்கு இழுக்காமல், எழும்பும்போதே பந்தைத் தொட்டு அனுப்பத் தெரிந்தவருக்கு அது வரம். 1988-க்குப் பிறகு விம்பிள்டன் ஒன்றே புல்லில் மிச்சம்.

இருவர் ஆட்டத்திலும் ஒரே குறை: சர்வ் மெதுவானது. அப்பாவால் அதைச் சமாளித்துவிட முடிந்தது. மகனுடைய காலத்தில் ஒவ்வொரு சர்வுக்கும் தண்டனை உண்டு. ஆனாலும் ரமேஷ் ஆடுவதைப் பார்ப்பது தனி இன்பம். வாய்க்காலில் மடை திருப்புகிறவர் தண்ணீரைத் தள்ளுவதில்லை. மண்வெட்டியால் ஒரு கொத்து, வந்த வேகத்திலேயே தண்ணீர் வேறு வயலுக்குப் போய்விடும். ரமேஷ் மட்டையும் அப்படித்தான். எதிராளி ஓங்கி அடித்த அடியின் பலத்தைக் கடன் வாங்கி, மணிக்கட்டை லேசாகத் திருப்பி, அவர் இல்லாத மூலைக்கு அனுப்பிவிடுவார். 1981 அமெரிக்க ஓபன் காலிறுதியில் மெக்கன்ரோவிடம் முதல் செட்டைப் பறித்தது இந்தக் கைதான். 1986-ல் விம்பிள்டன் காலிறுதி, 1987-ல் மறுபடி அமெரிக்க ஓபன் காலிறுதி, மொத்தம் 8 ஏ.டி.பி. ஒற்றையர் பட்டங்கள். 1985 ஜனவரியில் வந்த அந்த 23, உலகம் முழுவதையும் எதிரே நிறுத்திவைத்து வாங்கிய 23. என் கணக்கில் அது அப்பாவின் அமெச்சூர் பட்டியல் இடத்துக்கு அதிகம் இளைத்ததல்ல.

டேவிஸ் கோப்பையில் இருவரையும் ஓரளவு ஒரே தராசில் வைக்கலாம்; அங்கே இருவரும் நாட்டுக்காக ஆடினார்கள், இருவரும் இறுதிவரை கொண்டுபோனார்கள். 1966-ல் கல்கத்தாவில் பிரேசிலோடு ஆட்டம். முடிவைச் சொல்லும் கடைசி ஆட்டத்தில் தாமஸ் கோச் 2-1 செட் முன்னிலை, நாலாவது செட்டில் 5-2. அங்கிருந்து கிருஷ்ணன் அந்த செட்டை 7-5 என்று திருப்பி, ஐந்தாவதை 6-2 என எடுத்தார். மெல்போர்ன் இறுதியில் ஆஸ்திரேலியா 4-1 என்று வென்றாலும், நியூகோம்ப்-ரோச் ஜோடியைக் கிருஷ்ணனும் ஜெய்தீப் முகர்ஜியும் வீழ்த்தியதுதான் நம்முடைய அந்த 1. 

1987-ல் ரமேஷுடைய வேலை இதைவிடக் கடினம் என்பேன். அரையிறுதி சிட்னியில், ஆஸ்திரேலியர்கள் பிறந்து வளர்ந்த புல்தரையில். ஜான் ஃபிட்ஸ்ஜெரால்டை வென்றார். முடிவைத் தீர்மானித்த ஆட்டத்தில் வாலி மசூரையும் வென்றார். இந்தியா 3-2. அப்பாவை 1966-ல் இறுதியில் மறித்த நாட்டை மகன் அதன் வீட்டிலேயே வெளியேற்றினார். கோதன்பர்க் இறுதியில் ஸ்வீடன் உள்ளரங்கில் களிமண் தரை போட்டு 5-0 என்று முடித்துவிட்டது. ரமேஷின் வழுக்கும் ஆட்டத்துக்கு அந்த மண்ணில் வழியே இல்லை. அந்த ஸ்வீடன் அணியில் இருந்தவர் மாட்ஸ் விலாண்டர். 1989 ஜனவரியில், உலகின் முதல் இடத்திலும் நடப்பு சாம்பியனாகவும் ஆஸ்திரேலிய ஓபனுக்கு வந்த அதே விலாண்டரை, கடினத் தரையில், இரண்டாவது சுற்றில் ரமேஷ் நேர் செட்களில் வென்றார்.